எதிர்மனுதாரர்களில் ஒருத்தி

நான் வேப்பம்பட்டில் ரயில் ஏறுவேன், அவள் ஆவடியில் ஏறுவாள். அம்பத்தூரில் இறங்கி ஒரே அலுவலகத்துக்கு நடப்போம். இருவரும் உதவியாளர்கள். பணிமூப்பில் அவள் எனக்கு அடுத்த இடம், வயதிலும் சின்னவள். அக்கா என்றுதான் கூப்பிடுவாள்.

ஒரு மழையில் எங்கள் பதிவறைக்குள் தண்ணீர் புகுந்து பழைய கோப்புகள் ஊறிப்போயின. கூரை ஒழுகுகிறது என்று முன்பே எழுதிக் கொடுத்திருந்தேன். ஆனாலும் அறை என் பொறுப்பு. விசாரணை நடத்தி ஓராண்டு ஊதிய உயர்வை நிறுத்தினார்கள். "அப்பீல் போடுக்கா" என்றாள் அவள். ஒரு வருஷம்தானே, போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

அந்த ஒரு வருஷம் முடிந்த பிறகுதான் கண்காணிப்பாளர் பதவி உயர்வுப் பட்டியல் வந்தது. என் பெயர் இல்லை. கடைசிப் பெயராக அவள் இருந்தாள். கேட்டதற்குப் பழைய தண்டனையைக் காரணம் சொன்னார்கள்.

சாயங்காலம் ரயிலில் முதலில் அழுதது அவள்தான். "உன் எடத்துல என்னக் குந்த வெக்கிறாங்கக்கா. நீ கேஸ் போடு, நான் இன்னா சொல்லப்போறேன்?"

பூந்தமல்லியில் ஒரு வக்கீலைப் பார்த்தேன். "அனுபவிச்சு முடிஞ்ச தண்டனைக்கு மறுபடி தண்டனையா? கேஸ் நிக்கும்மா" என்றார். பிறகு, "உங்களுக்கு ஜூனியரா இருந்து உயர்வு வாங்கினவங்களையும் எதிர்மனுதாரரா சேர்க்கணும்" என்றார்.

"அவ எனக்குத் தங்கச்சி மாதிரி சார்."

"இருக்கட்டும்மா. சேர்க்கலன்னா மனுவே நிக்காது."

அவளிடம் சொன்னேன். "பேருதானே, போட்டுக்கோ" என்றாள்.

நோட்டீஸ் போனபோது அவள் வீட்டில் இல்லை. மாமியார் வாங்கி, பக்கத்து வீட்டில் கொடுத்துப் படிக்கச் சொல்லியிருக்கிறார். கோர்ட்டிலிருந்து காகிதம் வந்த சேதி தெரு முழுக்கப் பரவிவிட்டது. மறுநாள் ரயிலில் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "சொல்லிட்டுதான் செஞ்சே, இல்லேங்கல. ஆனா நான் இன்னா தப்பு பண்ணேன்னு தெருவுல கேக்கறாங்கக்கா."

அப்புறம் வேறு பெட்டியில் ஏற ஆரம்பித்தாள். கேட்டால், கூட்டம் என்றாள்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. அவள் எனக்கு அதிகாரியானாள். கோப்போடு அவள் மேஜைமுன் போய் நிற்பேன். யாரும் இல்லாதபோது "உக்காருக்கா" என்பாள். கொஞ்ச நாளில் அதுவும் நின்றது.

தீர்ப்பு என் பக்கம் வந்தது. முடிந்துபோன தண்டனையைக் காட்டிப் பதவி உயர்வை மறுத்தது தவறு, உரிய இடத்தில் பெயரைச் சேர்க்க வேண்டும் என்றது நீதிமன்றம். துறை மேல்முறையீட்டுக்குப் போய் அங்கேயும் தோற்றது. யாரையும் இறக்க மாட்டார்கள், கூடுதலாக ஓர் இடம் உண்டாக்குவார்கள் என்று வக்கீல் சொல்லியிருந்தார். அப்படி நடக்கவில்லை. பட்டியலின் கடைசிப் பெயரைத்தான் எடுத்தார்கள். அவளை மறுபடி உதவியாளராக்கிப் பூந்தமல்லிக்கு மாற்றினார்கள்.

பொறுப்பை என்னிடம் ஒப்படைக்கும்போது எல்லாவற்றையும் நிதானமாகச் சொன்னாள். எது நிலுவை, யாரிடம் கோபப்பட்டுப் பிரயோஜனமில்லை, எந்த ஜன்னலின் கொக்கி சரியில்லை. சாவியை வாங்கிக்கொண்டு சொன்னேன். "நான் இதைக் கேக்கலடி."

"தெரியும் மேடம்" என்று கைப்பையை எடுத்தாள். "நான் மட்டும் இன்னா கேட்டேன்?"

வீட்டில் கணவர் இனிப்பு வாங்கி வைத்திருந்தார். "ஜெயிச்சது நீதானே, ஏன் மூஞ்சி இப்படி இருக்கு?" என்றார். தலைவலி என்று சொல்லிப் படுத்துக்கொண்டேன்.

அடுத்த தை மாதம் அவள் பெண்ணுக்குக் கல்யாணம். அலுவலகத்தில் பலருக்குப் பத்திரிகை வந்தது, எனக்கு வரவில்லை. மண்டபம் முத்தாபுதுப்பேட்டையில் என்று தெரிந்துகொண்டேன். "போகலாமா?" என்று கணவரிடம் கேட்டேன்.

"கூப்பிடாத கல்யாணத்துக்கா?"

கல்யாணத்தன்று எங்கள் பிரிவில் பாதிப்பேர் விடுப்பு. நானும் விடுப்பு போட்டேன். காலையிலேயே குளித்து, பட்டுப்புடவையை எடுத்துக் கட்டிலில் வைத்தேன். முகூர்த்த நேரம் தாண்டிய பிறகு மடித்து பீரோவில் வைத்துவிட்டேன்.