யாருடைய முதுகும் அல்ல

"இந்த டம்ளரைப் பாருங்க. டம்ளர்னு நினைக்காமப் பாருங்க" என்று சொல்லிக்கொண்டே இரண்டு கைகளையும் முகத்துக்கு நேரே தூக்கி, உள்ளங்கைகளை லேசாக வளைத்து, காற்றில் ஓர் அடைப்புக்குறி போடுவார். அந்தக் கைகளுக்கு நடுவே எது அகப்பட்டாலும் அன்றைக்கு அது தொலைந்தது. அன்று அகப்பட்டது கூட்ட மேடையில் வைத்திருந்த தண்ணீர் டம்ளர். நாற்பது நிமிடம் பேசினார். புத்தகம் வெளியிட வந்த கவிஞரைப் பற்றியோ புத்தகத்தைப் பற்றியோ ஒரு வார்த்தை இல்லை. நாக்கு வறண்டுபோன கவிஞர் பொறுத்துப் பார்த்துவிட்டு, எட்டி டம்ளரை எடுத்து மடமடவென்று குடித்துவிட்டார். "ஆகா! இப்ப இன்மை தோன்றுது, பாத்தீங்களா?" என்று மனிதர் மேலும் பத்து நிமிடம் ஓட்டினார்.

எழுதுகிறவர்கள் வட்டாரத்தில் அவருக்கு அடைப்புக்குறி என்றுதான் பெயர். நேரில் பார்த்தால் விமர்சகர் ஐயா. பகலில் காப்பீட்டு அலுவலகத்தில் வேலை. விபத்தில் அடிபட்ட வண்டிகளைப் போய்ப் பார்த்து, என்ன சேதம் என்று எழுதித் தர வேண்டும். அதற்கு அச்சடித்த படிவம் ஒன்று உண்டு. கதவு, விளக்கு, கண்ணாடி என்று வரிசையாக இருப்பதில் டிக் போட்டுக்கொண்டே போவார். படிவத்தில் இல்லாத இடத்தில் வண்டி நசுங்கியிருந்தால், அவரைப் பொறுத்தவரை அது நசுங்கவில்லை. வண்டிக்காரர் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்க் காட்டினாலும், "அதெல்லாம் இதுல வராதுங்க" என்று பேனாவை மூடிவிடுவார். மாலை ஆறு மணிக்கு வீட்டுக்கு வந்து, சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, பனியனோடு மேசை முன்னால் உட்கார்ந்தால் இலக்கியம் ஆரம்பமாகிவிடும்.

அவர் கையில் வைத்திருக்கும் தத்துவத்துக்கு நிகழ்வியல் என்று பெயர். அதன்மேல் தப்பு சொல்ல முடியாது. ஒரு பொருளைப் பற்றி நமக்குத் தெரிந்தது, கேட்டது, படித்தது எல்லாவற்றையும் அடைப்புக்குறிக்குள் போட்டு ஓரமாக ஒதுக்கிவிட்டு, அது நம் முன்னால் எப்படித் தோன்றுகிறதோ அப்படியே பார் என்கிறது. நல்ல கவிஞர்கள் யாரும் சொல்லித் தராமலே செய்துகொண்டிருக்கிற காரியம்தான். கவிதையை எடைபோடுகிறவரும் அப்படி ஒரு தடவை கவிதையைப் பார்த்தால் எவ்வளவோ புண்ணியம். இவர் என்ன செய்தார் என்றால், ஒதுக்கு என்ற பாதியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, பார் என்ற பாதியைக் கைகழுவிவிட்டார். அதுதான் சுலபமான பாதி.

ஒருவர் பல்வலியைப் பற்றி எட்டு வரியில் ஒரு கவிதை எழுதியிருந்தார். அதற்கு இவர் மாதப் பத்திரிகையில் எழுதியது மூன்று பக்கம். வலி என்பது உலகம் தன்னை மறைத்துக்கொள்ளும் வாசல் என்றும், அந்த வாசலில் நிற்பது பல் அல்ல, பிரக்ஞை என்றும் எழுதினார். பத்திரிகை வந்த அன்று அந்தக் கவிஞர் போன் செய்தார். அடைப்புக்குறி குளித்துக்கொண்டிருந்ததால் மனைவி எடுத்தாள். "அம்மா, எனக்கு நெஜமாவே பல்லுதாம்மா வலிச்சுது. கடைவாய்ப் பல்லு. புடுங்கியாச்சு" என்றார் அவர். "அடடா, இப்ப எப்படிங்க இருக்கு? சாப்பிட முடியுதா?" என்று கேட்டாள் அவள். அந்தக் கவிதைக்குக் கிடைத்த உருப்படியான விமர்சனம் அது ஒன்றுதான்.

மனைவிக்கு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. கல்யாணத்துக்கு முந்தின வருடத்திலிருந்து நுண்ணோக்கியில் கண்ணை வைத்து அணுக்களை எண்ணிக்கொண்டிருக்கிறாள். கண்ணுக்குத் தெரிவதை மட்டும்தான் எழுத வேண்டும். இப்படித்தான் இருக்கும் என்று நினைத்து எழுதினால் யாரோ ஒரு வீட்டில் இழவு விழும். அவர்கள் கூடத்தில் ரத்தக் குழாய்மேல் பெயர் எழுதுவதில்லை, எண் மட்டும்தான். தெரிந்தவர் பெயராக இருந்தால் கண் தனக்கு வேண்டியதைப் பார்த்துவிடும் என்று அவளுக்கு முதல் நாளே சொல்லிக் கொடுத்திருந்தார்கள்.

ஒன்பது வருடத்துக்கு முன்னால், வேண்டியவர்களுக்கு மட்டும் நல்லபடியாக எழுதுகிறார் என்று யாரோ பத்திரிகைக்குக் கடிதம் போட்டு, அடைப்புக்குறி இரண்டு நாள் சரியாகச் சாப்பிடாமல் உலாத்தினார். துணி மடித்துக்கொண்டிருந்தவள், "எங்க லேப்ல மாதிரி நம்பர் போட்டுருங்களேன்" என்றாள். அடுத்த மாதமே, 'கவிஞனை அடைப்புக்குறிக்குள் இடுதல்: ஒரு புதிய முறையியல்' என்று அவர் கட்டுரை வந்தது. அதில் லேப்பைக் காணோம், சொன்னவளையும் காணோம். அன்றிலிருந்து அவருக்கு வருகிற கவிதைகளை எல்லாம் உறை பிரித்து, பெயரையும் விலாசத்தையும் நீக்கி, கையெழுத்து தெரியாதபடி கணினியில் தட்டச்சு செய்து, எண் போட்டு மேசையில் வைப்பது அவள் வேலையாகிவிட்டது. பெயர்ச் சீட்டுகளை ஒரு பழைய மருந்து டப்பாவில் போட்டு வைப்பாள். மாதம் ஒரு கவிதையை எடுத்து எழுதி முடித்ததும், "இந்தா, எட்டு யாரு?" என்று கேட்பார். சீட்டைப் பார்த்துச் சொல்வாள். அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதை எப்போதோ விட்டுவிட்டார். 'இந்தா' என்றால் அவள்தான்.

நாலு வருடமாக அவளும் எழுதுகிறாள். மற்றவர்கள் கவிதையைத் தட்டச்சு செய்து செய்து வந்த பழக்கம். கெட்டுப்போன லேப் படிவங்களின் பின்பக்கத்தில், மதியச் சாப்பாட்டு நேரத்தில் எழுதிச் சேர்த்தது நாற்பத்தொரு கவிதை. வெளியூரில் வேலை பார்க்கும் மகளுக்கு மட்டும் தெரியும். மகளுடைய தோழி ஒருத்தி சின்னதாகப் பதிப்பகம் வைத்திருக்கிறாள். படித்துவிட்டு உடனே போடலாம் என்றாள். இவள்தான் பிடி கொடுக்கவில்லை.

"அப்பாகிட்ட காட்டணும்னா காட்டு. வேண்டாம்னா புக்கைப் போடு. ரெண்டுல ஒண்ணு சொல்லும்மா" என்றாள் மகள் போனில்.

"நம்பர் போட்டு வைக்கப் போறேன். மத்ததோட மத்ததா."

"கண்டுபிடிக்கலன்னா?"

"இருபத்தாறு வருஷம் ஒரே வீட்டுல இருக்கோம்டி. அவரைப் பத்தித்தான் எழுதியிருக்கேன். எப்படிக் கண்டுபிடிக்காமப் போவார்?"

"கண்டுபிடிச்சா என்னம்மா சொல்லணும்ங்கற?"

"ஒண்ணும் சொல்ல வேண்டாம். திரும்பிப் பாத்தா போதும். மிச்சத்தையும் எடுத்துக் குடுத்துடுவேன்."

அவள் கேட்டது அவ்வளவுதான். டம்ளருக்கு நாற்பது நிமிடம் கொடுத்தவரிடம் ஒரு பார்வை கேட்டாள்.

பதினேழு என்று எண் போட்டு மேசையில் வைத்தாள். சாயங்காலம் அவர் உட்கார்ந்து, கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, வழக்கம்போல உரக்கப் படித்தார். அவள் வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

மேசை முன் ஒரு முதுகு.
பனியனில் இடத் தோளுக்குக் கீழே ஓட்டை.
போன மாதம் கடுகு நுழையும்,
இப்போது விரல் நுழைகிறது.
தண்ணீர் வைத்தால் குடிக்கிறது.
வைத்தது யார் என்று
தொண்டைக்குத் தெரியாது.
விளக்கை அணைத்தால் முதுகு இல்லை.
நான் இருக்கிறேன்.

மூன்றாவது வரியைப் படிக்கும்போது அவருக்கு அரித்திருக்க வேண்டும். வலது கையை மேலாகக் கொண்டுபோய் இடது தோளுக்குக் கீழே, பனியன் ஓட்டைக்குள் விரலை விட்டு, நாலாவது வரி முடிகிற வரைக்கும் சொறிந்தார். பிறகு பக்கத்தில் இருந்த தண்ணீரை எடுத்துக் குடித்தார். அவள் இதோ, இதோ என்று நின்றாள். அவர் தாளைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கைகளையும் தூக்கி அதற்கு ஓர் அடைப்புக்குறி போட்டார்.

நாலு நாள் எழுதினார். கவிதையை ஒரு தடவைக்குமேல் படிக்க மாட்டார். இரண்டாம் தடவை படித்தால் முதல் தோற்றம் கலங்கிவிடுமாம். தனக்குள் எழுவதை மட்டும்தான் எழுதுவார். அவருக்குள் எழுவதற்கு என்றைக்கும் பஞ்சம் இருந்ததில்லை. அந்த நாலு நாளும் அவளுக்கு லேப்பில் கண் நிலைக்கவில்லை. ஒரு கண்ணாடித் தகட்டை எண்ணி முடித்துவிட்டுச் சந்தேகப்பட்டு மறுபடி முதலிலிருந்து எண்ணினாள். ஐந்தாம் நாள் சாயங்காலம் அவரே கூப்பிட்டார்.

"இந்தா, இங்க வா. இதைக் கேளு. இந்த வருஷத்துலயே பெரிய கவிதை இதுதான்."

வந்து நின்றாள். அவர் தன் கட்டுரையை எடுத்து, தொண்டையைக் கனைத்துக்கொண்டு வாசித்தார். "'இந்த முதுகு யாருடைய முதுகும் அல்ல. அதுவே இதன் வெற்றி. பனியன் இங்கே பனியன் அல்ல. இருப்பின் மேல் நாம் போர்த்திய அர்த்தம். ஓட்டை, அந்த அர்த்தத்தில் விழுந்த கீறல். தண்ணீரை வைத்தவர் யாருமில்லை. யாருமில்லாத உலகில் தாகம் மட்டும் இருக்கிறது.' எப்படி?"

"வச்சவங்க இருக்காங்கன்னுதானே எழுதியிருக்கு?" என்றாள் அவள்.

"அது உனக்குப் புரியாது. வார்த்தையில இருக்கும், அனுபவத்துல இருக்காது." நாற்காலியைக் கொஞ்சம் திருப்பிக்கொண்டார். "யார் எழுதியிருப்பாங்கன்னு சொல்லட்டுமா? பையன். சின்ன வயசு. வாடகை ரூம்ல தனியாக் கெடக்கறான். கல்யாணம் ஆகல."

"அதெப்படிச் சொல்றீங்க?"

"பொண்டாட்டி இருந்தா பனியனை இப்படிக் கிழிய விட்டிருப்பாளா?"

போன வாரம்தான் மூன்று புதுப் பனியன் வாங்கி, துவைத்து மடித்து, பீரோவில் அவர் கைக்கு எட்டுகிற தட்டில் வைத்திருந்தாள். அதைச் சொல்ல வாய் வரைக்கும் வந்தது. அழுகையும் கூடவே வந்ததால் சொல்லவில்லை.

"எங்கயாவது ஒரு வீட்டுல நெஜமாவே இப்படி ஒரு முதுகு இருக்கலாம் இல்லீங்களா?"

"இருக்கட்டுமே. நமக்கெதுக்கு அது?"

அவள் டப்பாவைத் திறந்து பதினேழாம் சீட்டை எடுத்து நீட்டினாள். "பேரைப் பாருங்க."

"வேண்டாம்."

"எப்பவும் கேப்பீங்களே. ஒரு தடவை பாருங்க."

"இதுக்குப் பேரே வேண்டாம்ங்கறேன். ஒன்பது வருஷத்துல முதல் தடவையா, கவிஞர் பேர் இல்லாமலே பத்திரிகையில போடப் போறேன். பேர் தெரிஞ்சுதுன்னா எல்லாம் கெட்டுப்போயிடும்." அப்படிச் சொல்லும்போது அவர் முகத்தில் என்ன ஒரு பெருந்தன்மை! ஒரு மனுஷியின் பெயரைப் பறித்துக்கொண்டு, அதை அவளுக்கே மரியாதையாகக் கொடுக்கிற பூரிப்பு. "ஆனா ஒரு கடிதம் எழுதியிருக்கேன், அந்தப் பையனுக்கு. இதெல்லாம் நாம பாராட்டலன்னா வேற யாரு பாராட்டுவா? கவர்ல வெச்சு நீயே பேரும் விலாசமும் எழுதிடு. நடந்து போயி போட்டுட்டு வந்துடலாம்."

உள்ளே போய் உறையை எடுத்துக்கொண்டு சமையலறையில் உட்கார்ந்தாள். அந்த நேரம் பார்த்து மகள் கூப்பிட்டாள். "என்னம்மா ஆச்சு?" என்றாள். "இரு. இன்னும் ஒரு தடவை இருக்கு" என்று சொல்லி வைத்துவிட்டு, தன் பெயரை எழுதினாள். அதன் கீழே கதவு எண், தெருப் பெயர், ஊர். இந்தத் தடவை தட்டச்சு இல்லை. வீட்டுச் சாமான் பட்டியலிலிருந்து அவருடைய அலுவலக விடுப்புக் கடிதம் வரைக்கும் எழுதிய அதே கையெழுத்து. வழக்கத்தைவிடக் கொஞ்சம் பெரிதாக எழுதினாள்.

அவர் சட்டையை மாட்டிக்கொண்டு வந்தார். உறையை வாங்கிக் கையில் பிடித்துக்கொண்டு, தெருக்கோடி வரைக்கும் ஓட்டையைப் பற்றியே பேசிக்கொண்டு நடந்தார். வழியில் எதிர்ப்பட்ட பக்கத்து வீட்டுக்காரரை நிறுத்தி, "ஒரு பையன் எழுதியிருக்கான் சார், அபாரம்!" என்றார். அவள் இரண்டு அடி பின்னால் வந்துகொண்டிருந்தாள். தபால் பெட்டிக்கு முன்னால் வந்ததும் அவர் பக்கத்தில் போய் நின்றாள்.

"விலாசம் சரியா இருக்கான்னு ஒரு தடவை பாத்துக்கோங்க."

"நீ எழுதினா தப்பா இருக்குமா?" என்றார் அவர், பெரிய மனதோடு.

ஆனாலும் உறையைத் திருப்பி, விளக்கு வெளிச்சத்தில் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பார்த்தார். தபால்தலையின் ஒரு மூலை லேசாக எழும்பியிருந்தது. நாக்கில் விரலைத் தொட்டு ஈரப்படுத்தி, அந்த மூலையை ஒட்டினார். உறை நழுவாமல் இருக்க இடது கட்டைவிரலை அவள் பெயரின்மேல் ஊன்றிக்கொண்டு, நான்கு ஓரங்களையும் நிதானமாக அழுத்தி நீவினார். பிறகு உறையைப் பெட்டிக்குள் போட்டார். உள்ளே விழுந்துவிட்டதா என்று வாய்க்குள் கையை விட்டு ஒரு துழாவு துழாவிப் பார்த்து, பெட்டியின் தலையில் இரண்டு தட்டு தட்டிவிட்டு, முன்னால் நடந்தார்.