என் கணவர் மொழிபெயர்த்த அமெரிக்கர்

என் கணவருக்கு ஓய்வூதியம் தொடங்கிய வருடம், ஜெர்மனியில் எசன் நகரில் உள்ள எங்கள் வீட்டுக்கு நான்கு தடித்த புத்தகங்கள் வந்து சேர்ந்தன. ஓர் அமெரிக்கக் கவிஞரின் முழுத் தொகுப்பு. முதல் தொகுதியில் கவிதைகள், மற்ற மூன்றிலும் அவரே எழுதிய விமர்சனக் கட்டுரைகள். ஏதோ ஒரு நூலகம் கழித்துவிட்ட புத்தகங்களுக்குள் கண்டெடுத்து, என் கணவர் டிராமில் மடியில் வைத்துக்கொண்டு வந்தார்.

யாழ்ப்பாணத்தில் ஆங்கிலம் படிப்பித்தவர் அவர். இங்கே வந்த பிறகு, வேலை செய்யக்கூடிய காலம் முழுவதும் ஒரு கிடங்கில் பெட்டிகள் ஏற்றி இறக்கினார். அந்தக் கவிஞரின் ஒரேயொரு கவிதையை இளம் வயதில் படித்திருந்தாராம். இத்தனை காலமும் அது அவருக்குள் கிடந்திருக்கிறது.

"முழுக்கத் தமிழிலை கொண்டுவரப் போறன்" என்றார்.

"நாலையுமோ?"

"நாலையும்தான். கவிதையை மட்டும் எடுத்தால் ஆளிலை பாதிதான் வரும்."

முதியோர் இல்லத்தில் காலை வேலை முடித்து வந்தால், வீங்கின கால்களைச் சுடுதண்ணீரில் வைத்திருக்கத்தான் எனக்கு நேரம் இருக்கும். அவர் குசினி மேசையில் கணினியோடு இருப்பார். நான் சமைப்பேன். ஒரு சொல்லுக்காக ஒரு கிழமை முழுக்க முகத்தைத் தூக்கி வைத்திருந்ததும் உண்டு. ஜன்னல் கண்ணாடியில் படிகிற பனியைப் பற்றிய ஒரு வரி அது. தமிழில் எல்லாமே பனிதானே என்று தலையில் கை வைத்தபடி இருந்து, கடைசியில் 'உறைபனி' என்று போட்டார். அன்றைக்குத்தான் வீட்டில் பழையபடி கதை பேச்சு வந்தது.

கவிதைகள் முடிகிற நேரத்தில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. வலது கை மெல்ல மெல்லச் சரியானது. நடக்கவும் தொடங்கினார். ஆனால் டொச் என்கிற ஜெர்மன் மொழியும் ஆங்கிலமும் போய்விட்டன. தமிழ் மட்டும் மிஞ்சியது. எந்த மொழியானாலும் வாசிக்க ஏலாமல் போனது. பல மொழி தெரிந்தவர்களுக்கு அப்படியும் நடக்கும் என்று வைத்தியர் சொன்னார். அதற்குப் பிறகு வைத்தியரைப் பார்க்கக் குறித்துத் தந்த ஒவ்வொரு டெர்மினுக்கும் நான்தான் அவருடைய வாய்.

பேச்சுப் பயிற்சி கொடுக்கிற பெண் ஒருநாள், அவருக்குப் பிடித்தமான ஒன்றைக் கொண்டுவரச் சொன்னாள். நான் கவிதைத் தொகுதியைக் கொண்டுபோனேன். அதைத் திறந்து நெடுநேரம் பார்த்தார். பிறகு மூடி, யாரோ தெரியாதவரின் பொருளைத் திருப்பிக் கொடுப்பதுபோல என்னிடமே நீட்டினார். அந்தப் பெண் என்னைப் பார்த்தாள். நான் புத்தகத்தைப் பைக்குள் வைத்தேன்.

மருத்துவமனையிலிருந்து அவர் வீட்டுக்கு வந்த பிறகு பின்னேரங்களை எப்படிக் கழிப்பதென்று தெரியவில்லை. கணினியைத் திறந்து அவருடைய மொழிபெயர்ப்பையே வாசித்துக் காட்டத் தொடங்கினேன். தன்னுடையது என்று தெரிந்தால் சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். மூன்றாவது கவிதையில் கையைக் காட்டி நிறுத்தினார்.

"உது ஆர் எழுதினது?"

அவர் விளையாடுகிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். விளையாட்டில்லை. தான் எழுதியது என்பதே ஞாபகத்தில் இல்லை.

"ஒரு அமெரிக்கக் கவிஞர்."

"அதில்லை. தமிழிலை ஆர்?"

"ஆரோ ஒருத்தர்" என்று சொல்லிவிட்டேன்.

"உறைபனி எண்டு ஆர் கதைக்கிறவை? பனி எண்டு போட்டால் காணும். கண்ணாடியிலை படியிற பனிதானே, வாசிக்கிறவனுக்கு விளங்கும். மாத்தும்."

மாற்றினேன். அதற்குப் பிறகு தினமும் அதே வேலைதான். நோய்க்குப் பிறகு சில நேரம் கோப்பை, சட்டை என்பதற்கே சொல் தேடித் தடுமாறுகிறவருக்கு, ஒரு வரி எங்கே பிசகுகிறது என்பது மட்டும் உடனே பிடிபட்டது. நான் தட்டச்சு செய்தேன். பகலில் இல்லத்தில் மற்றவர்களின் தாய் தகப்பனைத் தூக்கி, குளிப்பாட்டி, சாப்பாடு தீத்திவிட்டு வந்து, இவருக்கும் தீத்திவிட்டு, பிறகு இந்த வேலை. சில நாள் எழுத்துகள் என் கண்ணில் நிற்கவில்லை.

ஒருநாள் அவர், "இந்த மொழிபெயர்ப்பாளருக்கு எழுதவேணும். கெட்டிக்காரன், ஆனால் பிழை விடுறான். பேரைச் சொல்லும்" என்றார்.

இதற்கு மேல் ஒளிக்க எனக்குத் தெம்பில்லை.

"நீங்கள்தான்."

"நானோ?"

"ஓம். நீங்கள்தான் இந்த மேசையிலை இருந்து எழுதினனீங்கள்."

மேசையின் விளிம்பைத் தடவிப் பார்த்தார். அழப்போகிறார் என்று பயந்தேன்.

"அப்ப நான் ஆளை விட்டிட்டு அகராதியைப் பாத்திருக்கிறன்" என்றார். பிறகு, "முதல்லையிருந்து வாசியும். எல்லாத்தையும் திரும்பப் பாப்பம்."

"எனக்கு ஏலாது."

என் குரல் எனக்கே புதிதாகக் கேட்டது. காலையிலிருந்து நின்ற கால், வலிக்கிற முதுகு, நிரப்பவேண்டிய அன்ராக் படிவங்கள், எல்லாவற்றையும் சொன்னேன். சொல்லச் சொல்ல அழுகை வந்தது. அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நோய் வந்த பிறகு அவர் என்னை அப்படிப் பார்த்ததாக ஞாபகமில்லை.

"நல்லாக் களைச்சுப் போனீர்" என்றார். "விடும். அந்தாள் செத்து எவ்வளவு காலம். ஒரு அவசரமும் இல்லை."

ஞாயிற்றுக்கிழமைகளில் தேவாலயப் பூசைக்குப் பிறகு மட்டும் பார்ப்பதென்று முடிவெடுத்தோம். விமர்சனத் தொகுதிகளைத் தொடுவதில்லை என்றும். அதற்கு அவர் இலேசில் சம்மதிக்கவில்லை. என்றாலும் ஆங்கிலக் கட்டுரையை இனி யார் வாசித்து யார் சொல்வது?

சென்னையில் சிறு இதழ் நடத்தும் ஒருவருக்கு என் கணவர் நோய் வர முன்பே சில கவிதைகளை அனுப்பியிருந்தார். ஒருநாள் அந்த ஆள் தொலைபேசியில் கூப்பிட்டார். "புக்காப் போட கவிஞரோட ஃபேமிலி பர்மிஷன் இன்னும் வரல, மேடம். மேகஸின்ல அஞ்சாறு பொயம் போட மட்டும் ஓகே சொல்லிட்டாங்க. ஃபைனல் வெர்ஷன் அனுப்புறீங்களா?"

என்னிடம் இரண்டு இருந்தன. பழையது ஆங்கிலம் தெரிந்தவர் செய்தது. புதியது ஆங்கிலம் மறந்தவர் திருத்தியது. எது அந்த அமெரிக்கருக்கு நெருக்கமானது என்று சொல்ல என் ஆங்கிலம் போதாது. கணவரைக் கேட்டேன்.

"வாசிக்கேக்கை உமக்கு எது லேசாயிருந்தது?"

"ரெண்டாவது."

"அப்ப அதை அனுப்பும்."

இதழ் வந்து அடுத்த ஞாயிற்றுக்கிழமை மழை பெய்தது. அவர் பெயரை அட்டையில் தொட்டுக் காட்டிவிட்டு, உள்ளே இருந்ததை வாசித்தேன். முதல் கவிதைக்குத் தலையாட்டினார். இரண்டாவதில் ஒரு வரி இன்னும் நீளம் என்றார். மூன்றாவதின் நடுவில் நிமிர்ந்து பார்த்தேன், தூங்கிவிட்டிருந்தார். எழுப்பவில்லை. இதழை மேசையில் வைத்துவிட்டு நானும் எதிர்க் கதிரையில் கண்ணை மூடினேன்.