லெஃப்ட் பேக்குக்கு வந்த துடக்கு

இதை எழுதாமலே விட்டிருப்பேன். சேஜெப் கல்லூரிப் படிப்பைப் பாதியில் விட்டவன் நான். தமிழைச் சனிக்கிழமை வகுப்பில் படித்தேன், அதிலும் பாதிச் சனிக்கிழமை போகவில்லை. கஜன்தான் விடவில்லை. அவன் துறைமுகத்தில் கொண்டெய்னர் லொறி ஓட்டுகிறான், மிச்ச நேரத்தில் பெடியளுக்காக ஓர் இணையப் பக்கம் நடத்துகிறான். “உன்ர வேலையைப் பற்றி எழுது, இனி வேலைக்கு வாற பெடியளுக்கு உதவும்” என்றான். யாருக்கும் உதவும் எண்ணம் எனக்கு ஒருநாளும் இருந்ததில்லை. ஆனால் என்னோடு வேலை செய்யும் ஊவேயைப் பற்றி யாராவது எழுதத்தான் வேண்டும். அவராக ஒரு வரியும் எழுத மாட்டார். அவ்வளவு மக்கு.

முதல் நாள்

மொன்றியலில், ரொக்ஸ்பரோ பக்கம் ஒரு பழைய கிடங்கைத் திருத்தி, உள்ளரங்க உதைபந்தாட்ட மைதானம் நடத்துகிறார் பாலா அண்ணை. நான் அங்கே ‘மைதான உதவியாளர்’. பெயர்தான் பெரிது. செயற்கைப் புல்லுக்குள் கொட்டியிருக்கும் கறுத்த றப்பர் குறுணியைப் பெரிய பிரஷ் ஒன்றால் இழுத்துச் சமப்படுத்த வேண்டும். பந்துக்குக் காற்றடிக்க வேண்டும், கோன் அடுக்க வேண்டும், சின்னப் பிள்ளைகள் கழற்றி எறியும் வியர்வை பெனியன்களைத் தோய்க்க வேண்டும்.

முதல் நாள் பாலா அண்ணை என்னை வேலைக்கு அனுப்பவில்லை. சுவரில் இருந்த போஸ்டருக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார். போஸ்டரில் ஒரு வெள்ளைக்காரர் ஒற்றைக் காலைப் பந்தில் வைத்துக்கொண்டு, பல் வலிக்காரன் மாதிரி நின்றார்.

“இவர் ஆரெண்டு தெரியுமோ? ஊவே. எங்கட கோச். ஜெர்மனியிலை புரொஃபெஷனலா விளையாடினவர். சின்னனிலை சேர்ந்த கழகத்திலையே கடைசி வரைக்கும் இருந்தவர். நீ இதுவரைக்கும் எத்தினை வேலை மாறினனீ?”

“எண்ணிப் பாக்கேல்லை அண்ணை.”

“அதுதான் உங்கட வயசு ஆக்களின்ர பிழை. விசுவாசம் இல்லை.”

விசுவாசம் பாலா அண்ணைக்குப் பிடித்த சொல். சாப்பிட இடைவேளை கேட்டால் விசுவாசம். பனிப்புயல் அடிக்கிறது, பஸ் ஓடவில்லை என்று போன் பண்ணினால் விசுவாசம். அவரோ கோயில் நிர்வாகத்தோடு கோபித்துப் பிரிந்து ஒரு சங்கம் தொடங்கினார். அந்தச் சங்கத்தோடும் கோபித்துக்கொண்டு இன்னொன்று தொடங்கினார். இப்போது அதற்கு அவரே தலைவர், அதனால் கோபிக்க ஆள் இல்லை.

ஊவே என்கிற மனிதர்

போஸ்டர் ஆளை அன்று பின்னேரம் நேரில் பார்த்தேன். குனிந்து, பிள்ளை ஒன்றின் சப்பாத்து லேஸைக் கட்டிக்கொண்டிருந்தார். மனைவி மொன்றியல்காரி, அதனால் இங்கே வந்து சேர்ந்தவர். பிள்ளைகளோடு பிரெஞ்சு பேசுவார், என்னோடு ஆங்கிலம். தன் முழங்காலோடு மட்டும் ஜெர்மன். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன், அவருக்குத் தெரியவா போகிறது.

அவருடைய கழகம் ஏதோ ஒரு தொழிற்சாலை நகரத்தின் இரண்டாம் பிரிவுக் கழகம். அந்த நகரத்தின் பெயரை எத்தனை தரம் கேட்டாலும் தும்மல் மாதிரித்தான் இருக்கும். அதற்கு அவர் லெஃப்ட் பேக், இடது பக்கத் தடுப்பாட்டக்காரர். ஒருமுறை பெரிய கழகம் ஒன்று அவரைக் கூப்பிட்டிருக்கிறது. முதலாம் பிரிவு, ரி.வி., கார், எல்லாம். இவர் போகவில்லை.

“ஏன் போகேல்லை?” என்று கேட்டேன்.

“எங்கட அணிக்கு வேற லெஃப்ட் பேக் இல்லை.”

“நீங்கள்தானே லெஃப்ட் பேக்.”

“ஓம். நான் போயிருந்தால் இருந்திருக்க மாட்டார்.”

சிரிக்காமல் சொன்னார். அடுத்த பருவமே கழகம் முன்வரிசைக்காரர் இருவரையும் விற்றது, அணி கீழ்ப் பிரிவுக்கு இறங்கியது. இவர் கூடவே இறங்கினார். முழங்கால் போனபோது, ஒப்பந்தம் நீடிக்காது என்று உடைமாற்றும் அறை வாசலில் வைத்துச் சொல்லிவிட்டார்களாம். அதைச் சொல்லும்போதும் கோபமில்லை. “அண்டைக்கு அவையளுக்கு நிறைய வேலை” என்றார்.

இப்படிப்பட்ட ஒருவரைத்தான் எங்களுக்கு உதாரணமாகக் காட்டினார்கள். மாட்டுக்குக் கூட அவிழ்த்துவிட்டால் ஓடத் தெரியும்.

நோட்டீஸ் அடிச்சாச்சு

போன கோடையில் அவருக்கு ஜெர்மனியிலிருந்து அழைப்பு வந்தது. அந்தக் கழகத்தின் பழைய மைதானத்தை இடிக்கப் போகிறார்கள். அதற்கு முன்னால் பழைய வீரர்களை வைத்துக் கடைசியாக ஒரு ஆட்டம். ஊவே அதை எனக்குச் சொன்னபோது கையில் இருந்த பந்தை உருட்டிக்கொண்டே இருந்தார். அந்த மனிதர் எதையாவது ஆசைப்பட்டு நான் பார்த்தது அன்றுதான். நானும் கூடவே ஒஃபிசுக்குப் போனேன், கோன் எடுக்கிற சாட்டில்.

“ஒரு கிழமை லீவு வேணும், ஏழு நாள்” என்றார் ஊவே.

பாலா அண்ணை நாட்காட்டியைப் பார்க்கவே இல்லை. “அந்த வீக்கெண்ட் எங்கட சங்கத்தின்ர டோர்னமென்ட். நீங்கள்தான் பிரதம விருந்தினர். மங்கள விளக்குக் கொளுத்தோணும். நோட்டீஸ் அடிச்சாச்சு.”

நோட்டீசை நானும் பார்த்திருக்கிறேன். ‘ஒரே கழகத்துக்காகத் தன்னை அர்ப்பணித்த ஜெர்மனிய வீரர்’ என்று போட்டிருந்தது. அந்தக் கழகம் கடைசி முறையாகக் கூப்பிடும்போது அவரைப் போக விடாமல் இருப்பதற்கும் அதே நோட்டீஸ்தான் காரணம். இதில் பாலா அண்ணைக்கு எந்த முரண்பாடும் தெரியவில்லை.

ஊவே தலையாட்டினார். “சரி, நான் உங்களுக்குச் சொல்லு குடுத்தனான்” என்றார். வெளியே போய்ப் பந்துக்குக் காற்றடிக்கத் தொடங்கினார். அது என் வேலை. பறித்துக்கொண்டு, “ஏன் சண்டை பிடிக்கேல்லை?” என்று கேட்டேன். “விளக்குக் கொளுத்த ஆள் வேணுமெல்லோ” என்றார். அவருக்குக் கோபம் வராததால் அவருக்கும் சேர்த்து நானே கோபப்பட வேண்டியிருந்தது.

செத்துப்போன சித்தப்பா

சங்கக் கூட்டத்துக்கு மேசை கதிரை போட என்னைக் கூப்பிட்டிருந்தார்கள், விசுவாசத்தின் பெயரில். எல்லோரும் தேத்தண்ணி குடிக்கும்போது மெல்லப் போட்டுவிட்டேன்.

“அண்ணை, தெரியுமோ? ஊவேயின்ர சித்தப்பா செத்துப்போனார். ஜெர்மனியிலை.”

“ஐயோ பாவம்” என்றார் பாலா அண்ணை. “அதுக்கு?”

“செத்த வீட்டுத் துடக்கெல்லோ. விளக்குக் கொளுத்தலாமோ எண்டு எனக்குத் தெரியேல்லை. நீங்கள் பெரியாக்கள்.”

“வெள்ளையளுக்கு என்னடா துடக்கு?”

அங்கேயே விட்டிருந்தால் என் கதை முடிந்திருக்கும். ஆனால் எங்கள் ஆட்களுக்கு ஒரு சந்தேகத்தைக் கொடுத்தால் போதும், மிச்ச வேலையை அவர்களே செய்வார்கள்.

“துடக்கு துடக்குத்தான் பாலா. இரத்த உறவெல்லோ” என்றார் பொருளாளர். “சித்தப்பா எண்டால் தகப்பன் வழி. முப்பத்தொரு நாள்.”

“முப்பத்தொண்டிலை அந்தியேட்டிக் கிரியை செய்தால்தானே துடக்குக் கழியும்” என்றார் செயலாளர். “அவையள் அந்தியேட்டி செய்யிறேல்லை. அப்ப இவருக்கு எப்ப கழியுறது?”

ஒரு ஜெர்மன்காரருக்குச் செய்யாத கிரியையால் கழியாத துடக்கு, சாகும் வரைக்கும் இருக்கும் என்று அந்தக் கூட்டம் ஏகமனதாக முடிவெடுத்தது. இல்லாத சித்தப்பாவுக்கு ஒரு நிமிட மௌன அஞ்சலியும் செலுத்தினார்கள். நானும் தலை குனிந்து நின்றேன். சிரிப்பை அடக்க அதுதான் வசதி. அன்றே சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவில் அறிவித்தல் போனது: பிரதம விருந்தினரின் குடும்பத்தில் ஏற்பட்ட இழப்பால் அவர் விளக்கேற்ற மாட்டார்.

ஆனால் பாலா அண்ணை நல்ல மனிதராகிவிடுவார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. அடுத்த நாள் மைதானத்துக்கு வந்து, ஊவேயின் இரண்டு கைகளையும் பிடித்தார்.

“உங்கட சித்தப்பாவைக் கேள்விப்பட்டன். மனசைத் தேற்றுங்கோ.”

“எனக்குச் சித்தப்பா இல்லை” என்றார் ஊவே. “என்ர அப்பா தனிப் பிள்ளை.”

பாலா அண்ணை என்னைப் பார்த்தார். நான் கோனைப் பார்த்தேன். செம்மஞ்சள் நிறம், நல்ல கோன்.

துடக்கைப் பற்றிப் பாலா அண்ணை சொன்னதும் ஊவேக்கு விஷயம் விளங்க அதிக நேரம் எடுக்கவில்லை. விளங்கியதும் அந்த மனிதர் சொன்னதைக் கேளுங்கள்: “ஒருத்தரும் சாகேல்லை. அப்ப நான் விளக்குக் கொளுத்தலாம். நான் நிக்கிறன்.” அவருடைய வாய்க்குள் ஒரு பெனியனை அடைக்க வேண்டும் போல இருந்தது.

பாலா அண்ணை பதில் சொல்ல வாயெடுத்தார். அதற்குள் அவருடைய போன் கிணுங்கியது. அனுதாபச் செய்தி. பிறகு இன்னொன்று. யாரோ சித்தப்பாவின் படம் கேட்டிருந்தார், அஞ்சலிப் பக்கம் செய்ய.

அவர் அப்படியே ஓரத்து வாங்கில் உட்கார்ந்துவிட்டார். “இனிச் சாகேல்லை எண்டு சொன்னால் ஆர் நம்புவான்?” என்று தமிழில் தனக்குத்தானே கதைத்தார். “நோட்டீசுக்காகத் துடக்கை மறைச்சவன் பாலா எண்டுதான் சொல்லுவாங்கள். ஒரு பெடியன் கால் முறிஞ்சாலும் என்ர தலையிலைதான் விழும்.”

நான் கோன்களை அடுக்கத் தொடங்கினேன். ஒருவரும் சொல்லாமல் வேலை செய்வது என் வாழ்க்கையில் அபூர்வம்.

கடைசியில் ஊவேயிடம் திரும்பி, “நீங்கள் ஜெர்மனிக்குப் போங்கோ” என்றார். “கட்டாயம் போங்கோ. இஞ்சை நிண்டு ஒருத்தற்றை கண்ணிலையும் படாதேங்கோ.” என்னிடம், “உன்னைப் பேந்து கவனிக்கிறன்” என்றார்.

இன்னும் கவனிக்கவில்லை. அவருக்கு என் மேல் அவ்வளவு கோபம் இருக்க நியாயமுமில்லை. டோர்னமென்ட் அன்று பட்டு வேட்டி கட்டி, காற்றுக்கு நோட்டீசையே மறைப்பாகப் பிடித்துக்கொண்டு, விளக்கை அவரே கொளுத்தினார். அந்தப் படம் இப்போதும் அவருடைய புரொஃபைலில் இருக்கிறது. மைதானத்தில் அந்தக் கிழமை வகுப்புகள் எப்படியோ நடந்தன.

திரும்பி வந்தவர்

ஊவே திரும்பி வந்த அன்று நொண்டிக்கொண்டு வந்தார்.

“விளையாட விட்டாங்களோ?” என்று கேட்டேன்.

“ஓம். கடைசிக் கொஞ்ச நேரம். ரைட் பேக்கிலை.”

“ரைட் பேக்கோ? நீங்கள் லெஃப்ட் பேக்கெல்லோ.”

“லெஃப்ட் பேக்கிலை ஸ்பொன்சர்காரர் விளையாட ஆசைப்பட்டார்.”

“நீங்கள் ஒண்டும் சொல்லேல்லையோ?”

“எங்கட அணிக்கு ரைட் பேக் தேவைப்பட்டது” என்றார் ஊவே. முகம் முழுக்கச் சிரிப்பு. போஸ்டருக்கு இந்தச் சிரிப்பைத்தான் படம் பிடித்திருக்க வேண்டும்.

வேலைக்கு வரப்போகும் பெடியளுக்கு ஒரு பாடம் சொல்லி முடிக்க வேண்டுமாம். சொல்கிறேன். முதலாளி இன்னொருவருடைய விசுவாசத்தை உங்களிடம் புகழ்ந்தால், உங்களுக்கு லீவு கிடையாது என்று அர்த்தம். உண்மையிலேயே விசுவாசமான ஒருவரோடு வேலை செய்ய நேர்ந்தால் அவருக்காகப் பொய் சொல்லுங்கள், அவருக்குச் சொல்லத் தெரியாது. மற்றபடி ஊவேயைப் போல ஒருநாளும் இருக்காதீர்கள். முழங்காலும் போய், இடமும் மாறி, அதற்கும் சிரிக்கிற வாழ்க்கை எனக்கு வேண்டாம்.

இதைக் கஜனுக்கு அனுப்பினேன். துறைமுக வாசலில் லொறி வரிசையில் நின்றபடியே வாசித்திருப்பான். ஒரு வரி பதில் வந்தது:

“ஊவே இல்லாத கிழமை முழுக்க அவரின்ர வகுப்பெல்லாம் நீதானே எடுத்தனீ, அதை ஏனடா எழுதேல்லை?”