சந்தனப் பொட்டு வைத்த துப்பாக்கி

மூன்று வருடங்களுக்கு முன்பு, மாசி மகத்தன்று காலை, பிள்ளைச்சாவடிக் கடற்கரையில் நடந்தது இது. இப்போதும் கண்ணை மூடினால் அந்த வெள்ளைப் புகை வந்து என்னைச் சூழ்ந்துகொள்ளும்.

என் மனைவியின் வீட்டில் பிரெஞ்சுக்காரர் காலத்துத் துப்பாக்கி ஒன்று இருக்கிறது. நிறுத்தி வைத்தால் என் தாடை வரை வரும். தோட்டா போடுகிற வகையில்லை. குழல் வாய் வழியாகக் கருமருந்தைக் கொட்டி, மேலே தேங்காய் நாரை அடைத்து, கம்பியால் இடித்துக் கெட்டிக்க வேண்டும். பின்பக்கம் ஊசித் துளையோடு ஒரு சின்ன முளை. அதன் தலையில் கேப் என்கிற சின்ன வெடித்தொப்பியை மாட்டி விசையை இழுத்தால், நெருப்பு துளை வழியே உள்ளே போய் மருந்தைப் பற்றவைக்கும். குண்டு கிடையாது, சத்தம் மட்டும்தான். லைசென்ஸ் முறையாக உண்டு. மாசி மகத்தன்று ஊர் அம்மன் கடலில் பாதம் நனைக்கும்போது அது வெடிக்க வேண்டும்.

வருடா வருடம் என் மாமனார்தான் சுடுவார். அவர் காலமான பிறகு, ஆண் பிள்ளை இல்லாத வீடு என்பதால், அந்த மரியாதை மூத்த மாப்பிள்ளையான என்னிடம் வந்தது. நானோ டவுன் பக்கம் கதிர்காமத்தில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவன். தீபாவளிக்குச் சரவெடியைப் பற்றவைக்கும் முன்பே திரும்பி ஓடுகிற ரகம். ஆனால் மாப்பிள்ளை முறுக்கு விடுமா? மாமியார் தேங்காய்த்திட்டு மீன்பிடித் துறைமுகத்தில் மீன் ஏலம் எடுத்து விற்பவர். முப்பது வருடம் மாமனார் பக்கத்தில் நின்று மருந்து அளந்து கொடுத்தவர்.

"நான் ஒரு தபா காட்டட்டுமா மாப்ள?" என்று கேட்டார்.

"மாமா செஞ்சத நான் பாத்திருக்கேன் அத்தை" என்று சொல்லிவிட்டேன்.

காலையில் துப்பாக்கியை நானே துடைத்து, சந்தனம் குழைத்துப் பொட்டு வைத்தேன். பக்தி கொஞ்சம் கூடிப்போனது. கட்டையில் மூன்று, குழலில் ஐந்து, கடைசியில் அந்த முளையின் தலையிலும் ஒன்று. கடற்கரையில் மருந்து கெட்டித்துக் கேப் மாட்டும்போது அதைத் துண்டால் துடைத்துவிட்டேன். துளைக்குள் இறங்கிய சந்தனத்தை யார் பார்த்தது?

அன்று கடலில் மூடுபனி. வானம் எது, தண்ணீர் எது என்றே தெரியவில்லை. மேளச் சத்தம் முதலில் வந்தது. பிறகு அம்மன் மட்டும் பனிக்குள்ளிருந்து வந்தாள். தூக்கி வந்தவர்கள் கண்ணுக்குத் தெரியவில்லை. அவள் பாட்டுக்கு மிதந்து வருவதுபோல் இருந்தது. எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. கடலைப் பார்த்துக் குறி வைத்து விசையை இழுத்தேன்.

டப் என்று கேப் மட்டும் வெடித்தது. அவ்வளவுதான்.

"மாப்பிள்ளைக்கு மருந்து பத்தல!" என்று யாரோ சொல்ல, கூட்டம் சிரித்துவிட்டு அம்மன் பக்கம் திரும்பிக்கொண்டது. என் காது மடல் எரிந்தது. என்ன ஆயிற்று என்று பார்க்க, துப்பாக்கியை மணலில் ஊன்றி, ஒற்றைக் கண்ணை மூடிக்கொண்டு குழல் வாய்க்குள் எட்டிப் பார்க்கக் குனிந்தேன். உள்ளிருந்து மெல்லியதாக, நூல்போல ஒரு புகை எழுந்து வந்தது. அது அத்தனை அழகாக இருந்தது. கூப்பிட்டதுபோல இன்னும் குனிந்தேன்.

"வாயப் பாக்காதீங்க!"

பக்கத்தில் நின்றிருந்த மாமியாரின் தோள் என் மார்பில் மோதியது. அவர் இரண்டு கைகளாலும் குழலைப் பிடித்துக் கடல் பக்கம் சாய்த்தார். அந்தக் கணம் அது வெடித்தது.

ஊர், கடல், அம்மன், எதுவும் இல்லை. வெள்ளைப் புகைக்குள் நாங்கள் இருவர் மட்டும். காது அடைத்துப்போனதால் சத்தமும் இல்லை. தீப்பிடித்த தேங்காய் நார்த் துணுக்குகள் சிவப்பாக மினுக்கிக்கொண்டு மெதுவாக இறங்கின. மாமியாரின் முன்முடி கருகியிருந்தது. குழலைப் பிடித்த அதே கைகளால் துப்பாக்கியை எடுத்து என்னிடம் கொடுத்தார். நழுவியிருந்த துண்டை என் தோளில் சரிசெய்தார். என் காதருகே வந்து சொன்னார்:

"கடலப் பாத்து நில்லுங்க. சிரிச்சாப்புல இருங்க."

சொல்லிவிட்டுப் புகைக்குள் பின்வாங்கிப் போய்விட்டார்.

புகை கலைந்தபோது அம்மனின் பாதம் தண்ணீரில் இருந்தது. பெண்கள் குலவையிட்டார்கள். "மாமனாரையே மிஞ்சிட்டாரு!" என்றார் சற்றுமுன் சிரித்த அதே ஆள்.

அன்று மாலை மாமியாரின் உள்ளங்கையில் கொப்புளம். கேட்டவர்களிடமெல்லாம், "குழம்புச் சட்டி சுட்டுடுச்சு" என்றார். என் மனைவிக்கே இதைப் படித்தால்தான் உண்மை தெரியும். என்னிடம் தனியாக ஒன்றே ஒன்று சொன்னார். "வெடிக்கலன்னா மருந்து செத்துப்போச்சுன்னு அர்த்தம் இல்ல மாப்ள. கடலப் பாத்து அப்டியே புடிச்சிகினு நூறு எண்ணணும்."

இப்போதும் நான்தான் சுடுகிறேன். சந்தனம் மட்டும் அவர் வைக்கிறார். கண்ணைக் காப்பாற்றியதற்கு அன்றே அவர் காலைத் தொட்டு நன்றி சொல்லிவிட்டேன். ஆனால், அந்தப் புகை கலைவதற்குள் என் மானத்தையும் காப்பாற்றினாரே, அதற்கு என்ன சொல்வதென்று எனக்கு இன்னும் தெரியவில்லை.