மேல்வெட்டில் கேட்ட சீழ்க்கை

குலசேகரத்துக்கு மேலே, ரப்பர் தோட்டம் முடிந்து காடு தொடங்குகிற ஓரத்தில், ராஜையன் என்றொரு மனிதன் இருந்தான். பறவைகளைப் பார்த்துக்கொண்டிருப்பது அவனுக்கு வேலை. அதற்குக் கூலியும் உண்டு. சொன்னால் கேட்கிறவனுக்குச் சிரிப்பு வரும். தோட்டத்து ஆட்களும் முதலில் சிரிக்கத்தான் செய்தார்கள்.

பிறந்தது திற்பரப்புப் பக்கம். மிஷன் பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்பு வரை தள்ளினான். அதற்குமேல் வாத்தியாரும் தள்ளவில்லை, அவனும் தள்ளவில்லை. காட்டுக்கோழிக்குக் கண்ணி வைக்கப் போய்த்தான் இந்தப் பழக்கம் தொற்றியது. கண்ணி வைத்தவன் புதருக்குள் அசையாமல் கிடக்க வேண்டும். கிடந்தால் கண்ணை மூடிக்கொண்டா கிடப்பான்? மேலேயும் கீழேயும் நடப்பதெல்லாம் பார்ப்பான். காய்ந்த சருகைக் கிளறிக்கொண்டு கூட்டமாகத் தாவும் தவிட்டுக்குருவிகளை, அந்தப் பக்கத்துப் பேச்சில் கரியிலைக்கிளிகளை, பார்த்தான். அவற்றின் தலைக்குமேல் கிளையில் உட்கார்ந்து காவல் காக்கிற மாதிரி பாவனை பண்ணும் காடுமுழக்கியையும் பார்த்தான்.

காடுமுழக்கி கன்னங்கரேலென்று இருக்கும். வாலில் இரண்டு நீளக் கம்பி, கம்பியின் நுனியில் கரண்டி மாதிரி இறகு. சொந்தக் குரல் இல்லாமல் இல்லை. ஆனால் ஊரார் குரலெல்லாம் அதன் தொண்டையில் கிடக்கும். பருந்து, மலையணில், பூனை, என்ன வேண்டும் உமக்கு?

ஒருநாள் கரியிலைக்கிளி ஒன்று கொழுத்த புழுவொன்றை இழுத்து வெளியே போட்டது. உடனே மேலிருந்து பருந்தின் சத்தம். கரியிலைக்கிளிகள் புழுவை விட்டுவிட்டுப் புதருக்குள் பாய்ந்தன. வானத்தில் பருந்தும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. காடுமுழக்கி சாவகாசமாக இறங்கி வந்து புழுவைத் தின்றது. ராஜையன் வயிறு குலுங்கச் சிரித்தான். ‘கள்ளப்பயலே’ என்றான். அன்றைக்குப் பிடித்தது பைத்தியம். எந்தச் சத்தம் மெய், எந்தச் சத்தம் பொய், எந்தப் பறவை எதன் பின்னால் போகும் என்று வருடக்கணக்கில் பார்த்தான். கண்ணியில் கோழி விழுந்து செத்து நாறினாலும் தெரியாது.

கல்யாணம் ஆனதும் பெண்டாட்டி சத்தியபாய் அவனைத் தோட்டத்துக்கு இழுத்துக்கொண்டு வந்தாள். அவள் ரப்பர் பால் வெட்டினாள். அவன் குழி தோண்டினான். அப்படியே போயிருக்கும். ஆனை வந்து கெடுத்தது.

கொல்லம் ஆண்டு ஆயிரத்து நூற்றைந்தோ ஆறோ, அந்த வருடம் கூட்டத்திலிருந்து பிரிந்த ஒற்றையான் ஒன்று கோதையாற்றுக் காட்டிலிருந்து இறங்கியது. காட்டையொட்டிய மரவரிசைகளுக்கு மேல்வெட்டு என்று பெயர். அதற்கு அப்பால் ஆள் உயரத்துக்கு இருமடங்கு வளர்ந்த ஈற்றைக்காடு, மெல்லிய மூங்கில் புதர். ஒற்றையான் அந்த ஈற்றைக்குள் நின்றால் பத்தடி தூரத்தில் இருப்பவனுக்கும் தெரியாது. முதலில் ஒரு காவல்காரனை மிதித்தது. பிறகு விறகு பொறுக்கப் போன கிழவனை. சுட முடியாது. ஆனை மகாராஜாவின் சொத்து. தோட்டத்துத் துரைக்கே உத்தரவு கிடைக்கவில்லை.

அப்போதுதான் ராஜையன் கங்காணி செல்வதாஸிடம் போய்ச் சொன்னான்.

“ஆனை நடந்தா புல்லுலேருந்து பூச்சி எளும்பும் கங்காணியாரே. காடுமுழக்கி அதுக்க முதுகுக்கு மேல தாழப் பறந்து பிடிச்சித் திங்கும். ஆனைய பாக்க வேண்டாம். பக்கிய பாத்தா போதும்.”

“எலே, விடிஞ்சதும் கள்ளு கிட்டிச்சா உனக்கு?”

மூன்று நாளும் ராஜையன் சொன்ன இடத்திலெல்லாம் ஆனைத்தடம் இருந்தது. நான்காம் நாள் செல்வதாஸ் மண்வெட்டியை அவன் கையிலிருந்து வாங்கி வைத்தான். அன்று முதல் வழக்கம் இது: விடியும்போது ராஜையன் மட்டும் மேல்வெட்டுக்கு மேலுள்ள பாறையில் ஏறி, ஈற்றைக்காட்டின் ஓரமாகப் புல்லை மிதித்துக்கொண்டு ஒரு சுற்று நடந்து பார்ப்பான். ஆனை இல்லையென்றால் சீழ்க்கை அடிப்பான். நீளமாக ஒன்று, வெட்டி இரண்டு. கேட்டால் ஆட்கள் ஏறலாம். ஆனை இருந்தால் சத்தமே கிடையாது. அதன் பக்கத்தில் நின்றுகொண்டு எவன் சத்தம் போடுவான்? இதைச் சொன்னவன் ராஜையன்தான். எல்லாருக்கும் சரியென்று பட்டது.

மேல்வெட்டில் வெட்டப் போவதற்கு ஆட்கள் தயங்கினார்கள். செல்வதாஸ் ஒரு குசும்பு செய்தான்.

“சீட்டி அடிக்கியவனுக்க பெண்டாட்டி மேல்வெட்டுல நிக்கட்டும். பொறவு அவன் தப்பா அடிக்கியானான்னு பாப்போம்.”

சத்தியபாய் போனாள். பக்கத்து வரிசைக்குத் தாணம்மாள் வந்தாள். தாணம்மாளும் புருஷன் முத்துநாயகமும் அய்யாவழிக்காரர்கள். சத்தியபாய் ஞாயிற்றுக்கிழமை ஜெபத்துக்குப் போனால் இவர்கள் தங்கள் வழிபாட்டிடமான பதிக்குப் போவார்கள். ஆனாலும் இரண்டு வீட்டு அடுப்புக்கும் நெருப்பு ஒன்றிலிருந்து ஒன்றுக்குப் போகும்.

“ஏட்டி, உனக்க மாப்பிள சீட்டிய கேட்டா எனக்குப் பசியே வருது. அது கேட்டாத்தானே சோத்துக்கு வளி” என்பாள் தாணம்மாள்.

ஒரு மழைக்காலம் போயிற்று. ஒரு ஆளும் சாகவில்லை. ராஜையனுக்குப் ‘பக்கி வாத்தியான்’ என்று பெயர் வந்தது. அந்தப் பெயர் அவனுக்குப் பிடித்திருந்தது. இல்லையென்று சொல்ல மாட்டேன்.

ஒன்றை மட்டும் அவன் கணக்கில் எடுக்கவில்லை. புல்லை மிதித்தால் பூச்சி எழும்பும். ஆனை மிதித்தாலும் எழும்பும், ராஜையன் மிதித்தாலும் எழும்பும். காடுமுழக்கி ஒன்று தினமும் அவன் பின்னாலும் வந்தது. வாலில் ஒரு கம்பி ஒடிந்துபோன பறவை. அவனுக்கு அதைக் கண்டால் சந்தோஷம். ‘வந்தியா?’ என்று கேட்பான். பாறையில் நின்று அவன் சீழ்க்கை அடிக்கும்போது அது தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருக்கும்.

ஒருநாள் பகலில் ஓடைக்கரையில் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான். மேலே ஒரு சீழ்க்கை கேட்டது. நீளமாக ஒன்று, வெட்டி இரண்டு. யாரோ கேலி பண்ணுகிறான் என்று நிமிர்ந்தான். கிளையில் ஒற்றைக்கம்பிப் பறவை. அவன் பார்க்கப் பார்க்கவே தொண்டையை உப்பி மறுபடி அடித்தது. அவனுடைய சீழ்க்கை. கடைசியில் மூச்சு லேசாகப் பிசிறுவதுகூட அவனுடையது. ராஜையன் தன் உதட்டைத் தொட்டுப் பார்த்தான். கஞ்சி ஒட்டியிருந்தது.

வீட்டுக்கு வந்து சத்தியபாயிடம் சொன்னான். அவளுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் கையிலிருந்த அகப்பையைக் கீழே வைத்தாள்.

“அந்தச் சவம் ஆனைக்க மேல நின்னுகிட்டு சீட்டி அடிச்சா?”

“அதத்தான் சொல்லுதேன். இனி சீட்டி கேட்டா ஏறாத. எல்லைக்கல்லு பக்கத்துல இரி. நான் பாறைக்க முன்னால வந்து தோள்ல கெடக்கிய துவர்த்தத் தூக்கிக் காட்டுவேன். அதப் பாத்தாத்தான் நீ ஏறணும்.”

“செரி. மத்த ஆளுவகிட்ட சொல்லியாச்சா?”

ராஜையன் துவர்த்தை உதறி மடித்தான்.

“கேக்கது கேக்கலியா? தாணத்துட்ட சொல்லியாச்சா?”

“ஏட்டி, இப்பம் ஆளு கொறைக்கிய நேரம். சீட்டி கள்ளச்சீட்டின்னு கங்காணி அறிஞ்சா, நாளைக்கே நம்ம ரெண்டு பேரையும் எறக்கி விட்டிருவான். பலாப்பசை வச்சி ரெண்டு நாளுல அத பிடிச்சிக் களுத்த திருகிருவேன். அதுவரைக்கும் வாய தொறக்காத.”

 அவள் அகப்பையை எடுத்துக் கஞ்சியைக் கலக்கினாள்.

பலாப்பசையைக் குச்சியில் தடவி அந்தப் பறவை வழக்கமாக உட்காரும் கிளைகளிலெல்லாம் வைத்தான். கரியிலைக்கிளி ஒட்டியது. மைனா ஒட்டியது. காடுமுழக்கி பக்கத்துக் கிளையில் உட்கார்ந்து, ஒட்டிக்கொண்டு துடிக்கிற மைனா மாதிரியே கத்திக் காட்டியது. பிறவி முழுக்கப் பறவையோடு இருந்தவனுக்கு அன்றைக்குத்தான் ஒரு பறவையைக் கண்டு பயம் வந்தது.

மூன்றாம் நாள் காலை பனி இறங்கியிருந்தது. ராஜையன் பாறையில் ஏறி நின்றான். ஈற்றையின் தலைக்குமேல் ஒரு கறுப்புக்கோடு தாழ்ந்து போயிற்று, திரும்பியது, மறுபடி தாழ்ந்தது. பறவை பூச்சி பிடிக்கிறது. காற்று இல்லை, ஆனாலும் அதற்கு நேர்கீழே ஈற்றை ஆடியது. ராஜையன் உதட்டை மடித்துக்கொண்டு கல்லோடு கல்லாக நின்றான்.

ஈற்றைக்குள்ளிருந்து அவன் சீழ்க்கை கேட்டது. நீளமாக ஒன்று, வெட்டி இரண்டு.

அப்போது அவனுக்கு முதலில் வந்த நினைப்பு இதுதான்: சத்தியபாய் ஏற மாட்டாள். நெஞ்சு குளிர்ந்தது. ஒரு மூச்சு விட்டான். அந்த மூச்சு முடிந்த பிறகுதான் மற்றவர்கள் ஞாபகத்துக்கு வந்தார்கள்.

கீழே எல்லைக்கல்லில் தாணம்மாள் பால் பிடிக்கிற சிரட்டைக்கூடையைத் தூக்கி இடுப்பில் வைத்தாள். சத்தியபாய் எழுந்திருக்கவில்லை.

“ஏட்டி, சீட்டி கேக்கலியா? எளும்பு.”

“கால்ல முள்ளு.”

“முள்ளா? இரி, எடுத்துத் தாறேன்.”

“வேண்டாம் தாணம். நீயும் இரி. செத்த நேரம் இரிட்டீ.”

“நீ அந்தச் சீட்டிக்காரனுக்க பெண்டாட்டி, இருக்கலாம். நான் இருந்தா கங்காணி எனக்க தோல உரிப்பான்” என்று சிரித்துக்கொண்டே தாணம்மாள் ஏறினாள்.

ராஜையன் பாறையிலிருந்து கத்தினான். ‘ஏறாத’ என்றுதான் கத்தினான். பனியில் அது என்னவாகப் போய்ச் சேர்ந்ததோ, தாணம்மாள் மரத்தில் கத்தியை வைத்தவள் திரும்பிப் பார்த்தாள். அவள் பார்த்த பக்கம் அவன் இருந்தான். ஆனை மறுபக்கத்தில் இருந்தது.

தாணம்மாளின் அடக்கம் முடிந்தது. ஊரில் ஆளுக்கொன்று பேசினார்கள். மாடன் சீழ்க்கை அடித்தான் என்றார்கள் பாதிப் பேர். ராஜையன் தூக்கக் கலக்கத்தில் அடித்தான் என்றார்கள் மீதிப் பேர். அவன் கங்காணியிடம் பறவையைச் சொன்னான். செல்வதாஸ் காறித் துப்பினான்.

முத்துநாயகம் மட்டும் துப்பவில்லை. வாசலில் வந்து நின்றான்.

“எந்தப் பக்கி? காட்டும்.”

இருவரும் நல்ல வெயிலில் பாறைக்குப் போனார்கள். ராஜையன் புல்லை மிதித்து நடந்தான். ஒற்றைக்கம்பி வந்தது. முத்துநாயகம் ராஜையனின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றான். மேலே சீழ்க்கை கேட்டது. ராஜையனின் உதடு அசையவில்லை.

“செரி. நீரில்ல” என்றான் முத்துநாயகம். அவன் முகத்தில் ஒரு பாரம் இறங்கியதுபோல இருந்தது. அந்த நிமிஷம் ராஜையனின் கையைப் பிடித்து அழுதிருப்பான். ஆனால் எதையோ நினைத்து நின்றுவிட்டான்.

“வேய், இது உமக்கு முன்னமே தெரியுமோ?”

பொய் சொல்லியிருக்கலாம். பறவைக்குத் தெரிந்த பொய் மனிதனுக்குத் தெரியாதா? ராஜையனுக்குப் பொய் வாயில் வரவில்லை.

“தெரியும்.”

“உம்ம வீட்டுக்காரிக்கு?”

“அவளுக்கும்.”

முத்துநாயகம் பாறையில் உட்கார்ந்தான். “எங்க அடுப்பு நெருப்புலதானேடே கஞ்சி காய்ச்சினிய” என்றான்.  அடிக்கவில்லை. எழுந்து இறங்கிப் போனான். சாயங்காலத்துக்குள் தோட்டம் முழுக்கத் தெரிந்துவிட்டது. ராஜையன் வீட்டுக்கு நெருப்புக் கொடுக்க ஆளில்லை.

அவன் பயந்ததுபோல் செல்வதாஸ் அவர்களை இறக்கிவிடவில்லை. அதற்குக் காரணம் சத்தியபாய். அவள் கங்காணியிடம் போய், தாணம்மாளின் வரிசையையும் தானே வெட்டுகிறேன் என்று கேட்டாள். மேல்வெட்டுக்கு வேறு யாரும் போகத் தயாரில்லை. அந்தக் கூலியை முத்துநாயகத்துக்குக் கொடுக்கச் சொன்னாள். அவன் வாங்கினானா இல்லையா என்று அவள் கேட்கவில்லை.

“ஏட்டி, போவாத. ஆனை இன்னும் போவல்ல” என்று ராஜையன் கெஞ்சினான்.

“தெரியும்.”

“நான் பாத்துச் சொல்லுதேன். துவர்த்தக் காட்டுதேன்.”

“நீங்க இனி எனக்கு ஒண்ணும் காட்டாண்டாம்.”

விடிகிற நேரம் அவள் எல்லைக்கல்லில் போய் உட்காருவாள். சீழ்க்கை கேட்கும். எங்கிருந்து, எதன் முதுகுக்கு மேலிருந்து என்று பார்க்க மாட்டாள். தாணம்மாளைப் போலவே கத்தியை எடுத்துக்கொண்டு எழுந்துவிடுவாள். கேட்காத நாளிலும் எழுந்துவிடுவாள்.

முதல் நாள் ராஜையன் பாறையிலிருந்து பார்த்தான். ஒற்றைக்கம்பி அவன் பக்கத்தில் இல்லை. ஈற்றைக்குள் எங்கோ இருந்தது. அவன் பாறையை விட்டுக் குதித்து ஓடி வந்தான். அவளுக்கு முன்னால் போய், ஈற்றைக்கும் அவளுக்கும் நடுவில் நடந்தான். அவள் போகச் சொல்லவும் இல்லை, வரச் சொல்லவும் இல்லை. அன்று ஆனை வரவில்லை.

ரப்பர் விலை விழுந்து மேல்வெட்டை நிறுத்துகிற வரைக்கும் அப்படித்தான் நடந்தது. அவன் முன்னால் போவான். அவள் மரத்துக்கு மரம் பின்னால் வருவாள்.  அவன் கண் பறவையைத் தேடுவதை விட்டுவிட்டது. ஈற்றை ஆடுகிறதா என்று மட்டும் பார்த்துக்கொண்டு, மிதித்தால் முதலில் தன்னை மிதிக்கட்டும் என்று நடந்தான்.