அரைத் தலைக்கட்டு

ஒரு ஆடி மாதம் எங்கள் குலசாமி கோவில் கொடை விழாவில் மதியச் சாப்பாடு போதாமல் போய்விட்டது. கோவில் இலத்தூர்க் குளத்துக்குப் பின்னால், வயல்களுக்கு நடுவே இருக்கிறது. வெளியூரிலிருந்து வருகிற சொந்தக்காரர்களில் பாதிப்பேர் சாமிக்காக வருகிறார்கள், மீதிப்பேர் குற்றாலத்தில் சீசன் என்பதற்காக வருகிறார்கள். காலையில் கும்பிட்டுவிட்டு வேன் பிடித்து அருவிக்குப் போனால் சாயங்காலம்தான் திரும்புவார்கள். அதை மனதில் வைத்துத்தான் சமையலுக்குச் சொல்வது வழக்கம். அன்று மலையில் நல்ல மழை. மெயின் அருவியிலும் ஐந்தருவியிலும் குளிக்க விடவில்லை. போன வேன்களெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாகத் திரும்பி வந்தன, நனையாத துண்டுகளோடும் நல்ல பசியோடும். மூன்றாம் பந்தியில் சாம்பார் தீர்ந்தது. நான்காம் பந்தியில் ரசமும் அப்பளமும் மட்டும். ஐந்தாம் பந்தி என்று ஒன்று நடக்கவில்லை.

கோவில் கமிட்டித் தலைவர் என் அப்பாவுக்கு அண்ணன் முறை, எனக்குப் பெரியப்பா. போலீஸில் சப்-இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். அந்த அவமானத்தை அவர் ஒரு வருடம் சுமந்தார். மறு ஆனி மாதம் தென்காசியில் எங்கள் வீட்டுக்கு வந்து, காபியைக் கையில் வாங்குவதற்கு முன்பே என்னிடம் கேட்டார்.

"ஏட்டி, நீ கம்ப்யூட்டர்ல சொன்னா அதுவே கணக்குப் போட்டுத் தருதாம்லா?"

"ஆமா பெரியப்பா."

"எத்தனை தலைக்கட்டு வருது, எத்தனை பேர் அருவிக்குப் போறாவ, எத்தனை பேர் சாப்பிட இருக்காவ, அது எனக்கு ஒரு பார்வையில தெரியணும். முடியுமா?"

முடியும் என்றேன். அதுதான் என் பிழைப்பே. ஒரு கம்பெனிக்கு வீட்டு மாடியறையில் இருந்தபடி அறிக்கைகளும் டாஷ்போர்டுகளும் தயாரிக்கிறேன். முன்பெல்லாம் ஒரு டாஷ்போர்டுக்கு வாரக்கணக்கில் ஆகும். இப்போது ஒரு ஏஐ தளத்தைத் திறந்துகொள்கிறேன். இடப்பக்கம் நமக்கு என்ன வேண்டும் என்று எழுதினால், வலப்பக்கம் அட்டவணையோ வரைபடமோ சின்னதாக ஒரு செயலியோ உருவாகிக்கொண்டே வரும். பிடிக்கவில்லை என்றால் சொல்லலாம், மாற்றித் தரும். தமிழில் எழுதினாலும் புரிந்துகொள்கிறது. என் அம்மா ஒருமுறை பின்னால் நின்று பார்த்துவிட்டு, "இதுக்கா உனக்குச் சம்பளம் தாராவ?" என்று கேட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்தேன். கோவிலில் இருந்த பழைய வரிப்பட்டியலைப் படம் எடுத்து ஏற்றிவிட்டு, தலைக்கட்டு என்றால் என்ன என்று எழுதினேன். கல்யாணமான ஆண் ஒரு தலைக்கட்டு. அவன் பெண்டாட்டி, பிள்ளைகள் அதற்குள் அடக்கம். மகனுக்குக் கல்யாணம் ஆனால் அவன் தனித் தலைக்கட்டு. கணவனை இழந்த பெண் அரைத் தலைக்கட்டு, அவளுக்கு அரை வரி. மகளுக்குக் கல்யாணம் ஆகிவிட்டால் அவள் இந்தக் கோவிலில் கணக்கில்லை, புருஷன் வீட்டுச் சாமிக்குப் போய்விடுவாள். சின்ன வயதிலிருந்து கேட்டு வந்த விஷயம்தான். எழுத்தில் அதுவரை வைத்துப் பார்த்ததில்லை.

தளம் முதல் வடிவத்தைக் காட்டியது. கூடவே ஒரு கேள்வியும் கேட்டது: திருமணமாகாத மகள், தந்தை இறந்த பிறகு, எந்த வரிசையில் வர வேண்டும்?

நான் யார் என்று தெரிந்து அது கேட்கவில்லை. நான் எழுதிய விதிகளில் ஒரு இடம் விட்டுப்போயிருந்தது, அதைச் சுட்டியது, அவ்வளவுதான். எனக்கு நாற்பத்தைந்து வயது. கல்யாணம் அமையவில்லை. அப்பா இறந்து சில வருடங்கள் ஆகின்றன. அண்ணன் புனேயில் ராணுவக் குடியிருப்பில் குடும்பத்தோடு இருக்கிறான்.  தளத்துக்கு, "கேட்டுச் சொல்கிறேன்" என்று எழுதினேன்.

அடுத்த கமிட்டிக் கூட்டத்தில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு கேட்டேன். அங்கே இருந்தவர்கள் எல்லாம் சித்தப்பா, பெரியப்பா, அண்ணன் முறை.

"பொம்பளப் பிள்ளைக்கு ஏது தலைக்கட்டு?" என்றார் பெரியப்பா. கோபமாக இல்லை. வழி கேட்டவருக்கு வழி சொல்வது போலத்தான் சொன்னார். "அப்பா கணக்குல இருப்பா."

"அப்பா இல்லைன்னா?"

"அண்ணன் கணக்குல."

"அண்ணன் இல்லாத வீடுன்னா?"

அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "இப்ப உனக்குத்தான் அண்ணன் இருக்காம்லா. இல்லாதவ வந்தா அப்பப் பாப்போம்."

அப்படியே பதிந்தேன். அண்ணன் பெயருக்குக் கீழே, அவன் மனைவிக்கும் இரண்டு பிள்ளைகளுக்கும் பிறகு, என் பெயர் வந்தது. அம்மா தனியாக, பக்கத்தில் 0.5. வருத்தப்பட்டேன் என்று சொல்ல முடியாது. வேலையில் எத்தனையோ பட்டியல்கள் போட்டிருக்கிறேன், அவற்றில் ஆட்கள் எங்கெங்கோ இருப்பார்கள். அம்மாவிடம் காட்டினேன். "அரைன்னா அரை. உங்கப்பா போனதுல இருந்து அப்படித்தான இருக்கு," என்றாள். திரையை நகர்த்தி அவளாகவே என் பெயரைத் தேடினாள். கண்டுபிடித்ததும் லேப்டாப்பை என் பக்கம் திருப்பி வைத்தாள்.

கொடைக்கு முந்தின வாரம் எல்லோருக்கும் இணைப்பு அனுப்பினோம். எத்தனை பேர் வருகிறோம் என்று எண்ணைப் போட வேண்டும். கொடையன்று காலையில் 'அருவிக்குப் போகிறோம்' அல்லது 'பந்திக்கு இருக்கிறோம்' இரண்டில் ஒன்றை அழுத்த வேண்டும். கடையத்திலிருந்து வந்த சமையல்காரருக்குத் தெரியும்படி சாப்பாட்டுப் பந்தலில் ஒரு டிவியை மாட்டி, டாஷ்போர்டை அதில் ஓட விட்டிருந்தோம். அவர் முதலில் அதை நம்பவில்லை. அருவியில் தண்ணீர் அளவாக விழுந்த நாள் அது. ஆனால் பதினொரு மணிக்குப் பழைய குற்றாலத்தில் கூட்டம் தாங்கவில்லை என்று யாரோ செய்தி போட, வேனில் இருந்தபடியே ஆட்கள் 'பந்திக்கு இருக்கிறோம்' என்று மாற்றி அழுத்தத் தொடங்கினார்கள். எண் ஏறுவதைப் பார்த்துவிட்டு, சமையல்காரர் இன்னொரு அண்டாவை அடுப்பில் ஏற்றச் சொன்னார். சாப்பாடு போதுமானதாக இருந்தது. பெரியப்பா ஒவ்வொரு பந்தியிலும் நடந்து, "மெதுவா சாப்பிடுங்க, இருக்கு, இருக்கு," என்று சொல்லிக்கொண்டே போனார்.

நான்காம் பந்தி எழுந்து கொஞ்சம் ஓய்ந்த நேரம். பெண்கள் பந்தலில் உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார்கள். வேறு பார்க்க ஒன்றும் இல்லாததால் டிவியைப் பார்த்தார்கள். என் சித்தி, அப்பாவின் தம்பி மனைவி, கண்ணைச் சுருக்கிக்கொண்டு கேட்டாள்.

"ஏட்டி, மொத்தத் தலைக்கட்டு நூத்தி எண்பத்து மூணு, அதுக்குப் பொறவு ஒரு புள்ளி வச்சு அஞ்சு போட்டிருக்கே. அது என்ன?"

"அரை, சித்தி."

"அரையா? யாரு அந்த அரை?"

கணவனை இழந்தவர்கள் ஒற்றைப்படையில் இருந்தார்கள். இரட்டைப்படையாக இருந்திருந்தால் இரண்டிரண்டு அரைகள் சேர்ந்து முழுதாகியிருக்கும், யார் கண்ணிலும் பட்டிருக்காது. இதை நான் முன்பே யோசித்திருக்க வேண்டியதில்லை என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். என் வாயில் பதில் வருவதற்குள் அம்மா சொன்னாள்.

"நான் அரை. நீ அரை. ராயகிரி மைனி அரை. வீட்டுக்காரன் போனவ எல்லாரும் அரை."

சித்தப்பா இறந்து அப்போது ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. தான் அரை என்பது சித்திக்குத் தெரியாமல் இருந்திருக்காது. வரியை அவள் மகன் கட்டியிருப்பான். எண்ணாகப் பார்த்தது அப்போதுதான். பக்கத்தில் வந்த பெரியப்பாவை நிமிர்ந்து பார்த்தாள்.

"அத்தான், எனக்கு இப்ப அரை இலையா போட்டிய?"

சிரிப்பு எழுந்தது. சித்தி சிரிக்கவில்லை. சிரித்தவர்களும் நிறுத்திக்கொண்டார்கள்.

"அது வரிக்குச் சொல்லுதது," என்றார் பெரியப்பா. "உங்களுக்குப் பாரமா இருக்கக் கூடாதுன்னு அந்தக் காலத்துல குறைச்சு வச்சது." பிறகு என் பக்கம் திரும்பி, "அந்தப் புள்ளிய எடுத்துரு" என்றார்.

"எப்படி எடுக்கணும் பெரியப்பா? குறைச்சா ஒரு ஆள் கணக்குல இல்லாமப் போவாங்க. கூட்டினா யாரோ ஒருத்தரை முழுசாக்கணும். யாரை?"

நான் அதைக் குத்தலாகக் கேட்கவில்லை. செயலிக்கு நான் அதைச் சொல்லியாக வேண்டும்.

"என்னையப் போடு," என்றாள் சித்தி. "முழு வரி நான் கட்டுதேன்."

ராயகிரியிலிருந்து வந்திருந்த மைனி, எனக்கு அண்ணன் முறை ஆகிறவரின் மனைவி, மாடு வைத்துப் பால் ஊற்றிப் பிழைக்கிறவள், வெற்றிலையைத் துப்பிவிட்டு நிமிர்ந்தாள். "எனக்கு அரையே இருக்கட்டும்," என்றாள். "முழுசுக்கு நான் எங்கன போவேன்? பெருமைக்குச் சொல்லிட்டு, அடுத்த வருசம் கட்ட முடியலைன்னு நிக்கவா?"

சித்தி அவளைப் பார்த்தாள். இரண்டு பேரும் சொன்னது எனக்குச் சரியாகத்தான் பட்டது. பெரியப்பா ஒரு நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். 

"தலைக்கட்டு வேற, வரி வேறன்னு பிரிச்சிரலாம் பெரியப்பா," என்றேன். "ஆளு முழுசு. வரி மட்டும் பாதி. விருப்பப்பட்டவங்க முழுசாக் கட்டிக்கிடட்டும்."

"அப்படிச் செய்ய முடியுமா?"

"இப்பவே முடியும்."

மடியில் லேப்டாப்பை வைத்து இரண்டு வரி எழுதினேன். தலைக்கட்டு, வரி என்று ஒரு பத்தி இரண்டானது. டிவியில் எண் ஏறியது, புள்ளி போய்விட்டது. பெண்கள் சிலர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள், இன்னும் ஏதாவது மாறும் என்பது போல. அப்போதுதான் அம்மா கேட்டாள்.

"அத்தான், எல்லாரும் முழுசாயாச்சு. இவ எங்கன இருக்கா?"

"அவ அண்ணன் கணக்குல இருக்காள்லா."

"அண்ணன் இன்னைக்கு வரலை. போன வருசமும் வரலை. இவ வந்திருக்கா."

அம்மா பெரியப்பாவிடம் நேருக்கு நேர் இப்படிப் பேசி நான் பார்த்ததில்லை. அவர் அவளைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார். "கூட்டத்துல பேசுவோம்," என்று எழுந்து போனார். எனக்கு முகம் சூடாகிவிட்டது. அம்மா மீது கொஞ்சம் கோபம்கூட வந்தது. நானாக அதைக் கேட்கவில்லை, கேட்டிருக்கவும் மாட்டேன்.

கூட்டம் ஆவணியில் நடந்தது. சாப்பாட்டுக் கணக்குக்கு அறிக்கை கேட்டிருந்தார்கள், கொடுத்தேன். என் விஷயத்தை யாரும் எடுக்க மாட்டார்கள் என்று நினைத்தேன். எடுத்தது எனக்கு அதிகம் பழக்கமில்லாத ஒரு அண்ணன், தென்காசியில் மருந்துக்கடை வைத்திருப்பவர். அவருக்கு இரண்டு மகள்கள் மட்டும்.

"எனக்குப் பொறவு அந்த டிவில என் தலைக்கட்டு என்னாகும்? அழிஞ்சு போகுமா?" என்று கேட்டார்.

நீண்ட நேரம் பேசினார்கள். கட்டிக்கொடுத்த பெண்ணை எப்படிச் சேர்ப்பது, மாப்பிள்ளைக்கு முதல் மரியாதை கேட்டால் என்ன செய்வது என்றெல்லாம் போயிற்று. முடிவில், பெண் தானாகக் கேட்டு வரி கட்டினால் பெயர் போடலாம், மரியாதை விஷயம் பிறகு என்று எழுதிக்கொண்டார்கள். பெரியப்பா என்னிடம், "உன் பேரைப் போட்டுக்கோ" என்றார். சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போனார். கோவில் சுற்றுச்சுவருக்கு வெள்ளையடிப்பது.

அண்ணன் பெயருக்குக் கீழே இருந்த என்னை எடுத்துத் தனி வரிசையில் வைத்தேன். தளம் எதுவும் கேட்கவில்லை. அன்று சாயங்காலமே அண்ணன் போன் செய்தான். செயலியில் தன் வீட்டில் ஒரு ஆள் குறைந்திருப்பதை அவன் பார்த்திருக்கிறான்.

"பங்கு பிரிஞ்ச மாதிரில்லா இருக்கு," என்றான். "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலியே."

எங்கள் பக்கத்தில் தனித் தலைக்கட்டு என்றால் அதுதான் அர்த்தம். வீடு பிரிந்தது. நான் அந்த அர்த்தத்தில் யோசிக்கவே இல்லை என்றேன். யோசித்திருந்தால் செய்திருக்க மாட்டாயா என்று அவன் கேட்கவில்லை. கேட்டிருந்தால், செய்திருப்பேன் என்றுதான் சொல்லியிருப்பேன். பிள்ளைகள் படிப்பைப் பற்றிக் கொஞ்சம் பேசினோம். அடுத்த கொடைக்கு லீவு போட்டு வருவதாகச் சொன்னான்.

ஐப்பசிப் பூஜைக்கு மறுநாள் கோவிலிலிருந்து பிரசாதம் வந்தது. ஒரு தலைக்கட்டுக்கு ஒரு மூடித் தேங்காயும் ஒரு சீப்புப் பழமும். கொண்டுவந்தவர் கையில் இருந்த தாளைப் பார்த்து, "இந்த வீட்டுக்கு ரெண்டு பங்கு போட்டிருக்கு, சரிதானா?" என்று வாசலில் நின்றபடி கேட்டார். அம்மா சரிதான் என்று வாங்கிக்கொண்டாள். இருக்கிற இரண்டு பேருக்கு இவ்வளவு தேங்காய் என்னத்துக்கு என்று அன்று முழுக்க முணுமுணுத்தாள். ஒரு மூடியைத் துவையல் அரைத்தாள், இன்னொன்றைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு வந்தாள்.