ஆறாவது வீட்டில் பம்பு

மகள் சைக்கிளுக்குக் காற்றடிக்க மின்பம்பு ஒன்று வாங்கி வந்திருக்கிறாள். உள்ளங்கை அளவுதான். எவ்வளவு காற்று வேண்டும் என்று எண்ணை அழுத்திவிட்டால் உறுமிக்கொண்டே போய் அந்த எண் வந்ததும் தானாக நின்றுவிடுகிறது. நேற்றுக் காலை ஈப்போவில் எங்கள் வீட்டு வாசலில் அது நின்ற பிறகும், நான் குனிந்து டயரைக் கட்டைவிரலால் அமுக்கிப் பார்த்தேன்.

"அதான் நம்பர் காட்டுதுலா, அம்மா. நம்பமாட்டீங்களா?"

நம்பினேன். ஆனாலும் அமுக்கினேன். விரலில் புது ரப்பர் வாடை ஒட்டிக்கொண்டது.

எனக்குத் தெரிந்த ரப்பர் வாடை வேறு. அது புளித்த பாலின் வாடை. துணியிலும் தலைமுடியிலும் ஏறிவிட்டால் சோப்புக்கு இறங்காது. கோப்பெங் என்ற சிற்றூரிலிருந்து உள்ளே தள்ளி ஒரு ரப்பர் தோட்டத்தில் எங்கள் லயம் இருந்தது. பதினெட்டு வீடுகள் சேர்ந்த ஒரே வரிசை. அம்மா பால்மரம் வெட்டினார்; பட்டையைச் சீவிப் பால் இறக்கும் வேலை. வீட்டுக்கு ஒரு சைக்கிளாவது உண்டு. பம்பு மட்டும் வரிசைக்கே ஒன்று. யார் வாங்கியது என்று யாருக்கும் தெரியாது. கடைசியாகக் காற்றடித்தவர் வீட்டில் அது தங்கும். அடுத்தவர் தேடிப் போய் எடுத்துக்கொள்ள வேண்டும். ஆகவே காற்றடிப்பதில் முதல் வேலை பம்பைக் கண்டுபிடிப்பது. பம்பு கேட்டவரிடம் எங்கே போகிறாய் என்று கேட்காமல் எந்த வீடும் விடாது.

ஈப்போவில் ஒரு தமிழ்ப் பத்திரிகைக் கிளையிலிருந்து எனக்கு நேர்முகத் தேர்வுக் கடிதம் வந்தபோது அந்தக் கேள்விக்குத்தான் பயந்தேன். அதற்கு முன் ஒரு கிளினிக்கில் வேலை கேட்டுப் போய்க் கிடைக்காமல் திரும்பியிருந்தேன். ஒரு மாதம் லயமே துக்கம் விசாரித்தது. இந்த முறை அம்மாவைத் தவிர யாருக்கும் தெரியக்கூடாது என்று முடிவு செய்தேன். காலையில் எல்லாரும் வெட்டுக்குப் போய்விடுவார்கள், சத்தமில்லாமல் கிளம்பிவிடலாம் என்பது என் கணக்கு.

அன்று விடியற்காலை மழை பெய்தது. மரம் நனைந்தால் வெட்டு இல்லை. பதினெட்டு வீட்டு ஆட்களும் வாசலில் காப்பியோடு உட்கார்ந்திருந்தார்கள். என் சைக்கிளின் பின்சக்கரம் தரையோடு ஒட்டிக் கிடந்தது. பஸ் நிற்கும் சாலைக்கு மூன்று மைல். எட்டரை பஸ்ஸை விட்டால் தேர்வு போனது போலத்தான்.

முதல் வீட்டில் கடைக்குப் போவதாகச் சொன்னேன்.

"கடைக்கா? உங்கம்மா கல்யாணச் சேலையக் கட்டிக்கிட்டா?"

பம்பு அங்கே இல்லை. இரண்டாவது வீட்டில் உண்மையைச் சொல்லிவிட்டேன். எனக்குப் பொய் இரண்டு வீட்டுக்குத் தாங்காது. நான்காவது வீட்டுக்குப் போவதற்குள் செய்தி எனக்கு முன்னால் போயிருந்தது. "பேப்பர் ஆபீஸ் இண்டர்வியூவாமே? பம்பு இங்க இல்லம்மா. தலைய நிமிர்த்திப் பேசு, என்ன?"

ஆறாவது அந்தோணி அண்ணன் வீடு. ஒரு கன்னம் வீங்கி, தாடையோடு தலையைச் சுற்றித் துண்டு கட்டியிருந்தார். மழை நாள் வரட்டும், கோப்பெங்குக்குப் போய்ப் பல்லைப் பிடுங்கிவிடலாம் என்று ஐந்து நாளாகக் காத்திருந்தவர். அப்போதுதான் தன் சைக்கிளுக்குக் காற்றடித்து முடித்திருந்தார். பம்பைக் கேட்டதும் தானே தூக்கிக்கொண்டு வந்தார்.

அடித்தோம். காற்று ஏறியது, இறங்கியது. அம்மா விரலில் எச்சில் தொட்டு வால்வின் மேல் வைத்தார். குமிழி வந்தது. பித்தளை ஆணி போன்ற அந்த வால்வின் மேல் மெல்லிய ரப்பர் குழாய் ஒன்று போர்த்தியிருக்கும்; காற்றை உள்ளே விட்டு வெளியே விடாமல் பிடிப்பது அதுதான். அது இற்றுப் போயிருந்தது. கண்ணுக்கு எட்டியவரை ரப்பர் மரம். இரண்டு அங்குல ரப்பர் குழாய்க்கு வழியில்லை.

அம்மா விடவில்லை. பால் பிடிக்கும் மங்கில் உறைந்து கிடந்த பாலை உரித்து, நீளமாகக் கிழித்து, ஆணியில் இறுக்கிச் சுற்றினார். இருபது வருடம் ரப்பரோடு பழகியவர், ரப்பரால் ஆகாதது இல்லை என்று நம்பினார். பம்பை அழுத்தினால் கைப்பிடி அப்படியே மேலே எழும்பி வந்தது. பச்சை ரப்பர் பித்தளையோடு ஒட்டிக்கொண்டு, காற்று நுழையும் துளையையே அடைத்துவிட்டது.

"அக்கா, இது வெந்த ரப்பர் செய்ற வேலை. பச்சப் பாலு ஒட்டத்தான் செய்யும்," என்றார் அண்ணன், பாதி வாயால்.

அவர் சைக்கிளையே கேட்கலாம் என்று தோன்றியது. ஆனால் அது குறுக்கே உயரக் கம்பி வைத்தது, சேலையோடு ஏற முடியாது. அண்ணன் திரும்பிப் போனார். ஆறாவது வீட்டு வாசலில் 'புஸ்' என்று ஒரு சத்தம். தன் சக்கரத்து வால்வைக் கழற்றிக்கொண்டு வந்து என் சக்கரத்தில் மாட்டினார்.

"அண்ணே, உங்க பல்லு?"

"பல்லு எங்க ஓடப் போவுது? அடி, அடி, பஸ்ஸு போயிரும்."

பஸ் கிடைத்தது. என் கையில் இருந்த டயர்க் கரியைப் பார்த்துப் பத்திரிகை ஆசிரியர் என்னவென்று கேட்டார். நடந்ததைச் சொன்னேன்.

"எத்தனை வீட்ல கேட்டீங்க?"

"அஞ்சாறு இருக்கும், சார்."

"அஞ்சா, ஆறா?"

மேசைக்குக் கீழே விரல் விட்டு எண்ணினேன். ஆறு. திங்கட்கிழமை வேலைக்கு வரச் சொன்னார்.

மாலையில் வால்வைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். அந்தோணி அண்ணனின் கன்னம் காலையில் பார்த்ததைவிடப் பெரிதாக இருந்தது. வாயைத் திறக்க முடியாமல் புருவத்தால் கேட்டார். தலையாட்டினேன். தரையோடு கிடந்த தன் டயரை ஒரு தட்டுத் தட்டினார்.

லயத்தை இடித்துவிட்டார்கள். அங்கே இப்போது எண்ணெய்க்குப் பயிரிடும் செம்பனை. அந்த வால்வு மாட்டிய சைக்கிளை நான் பார்த்தே வெகுகாலம் ஆகிறது. இப்போது நான் இருக்கும் வரிசையிலும் பதினெட்டு வீடுகள்தான். வீட்டுக்கு ஒரு பம்பு இருக்கும் என்று நினைக்கிறேன், தெரியாது. எதிர்வீட்டுப் பெண் வேலை தேடிக்கொண்டிருந்த செய்தியே, அவள் வேலைக்குப் போகத் தொடங்கி மூன்று மாதம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. பதினாறு வருடமாக இங்கே இருக்கிறேன். இந்த வரிசையில் எத்தனை வீட்டுக் கதவைத் தட்டியிருக்கிறீர்கள் என்று அந்த ஆசிரியர் கேட்டால், இப்போது மேசைக்குக் கீழே எண்ண வேண்டியதில்லை. இரண்டு.